ஏழு எழுத்தும் நான் தட்டியது

9-6-2025, திங்கள்

போனின் கீழ்ப்பாதி செத்துவிட்டது. மேலே தொட்டால் கேட்கிறது, கீழே எத்தனை முறை குத்தினாலும் கேட்பதில்லை. ரங்கநாதன் தனக்குப் புதிதாக ஒரு ஐபோன் வாங்கிக்கொண்டு, பழைய ஐபோனைத் துடைத்து என்னிடம் நீட்டினான். மகன் கொடுப்பதை வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். ஆனால் அவன் கழித்த கைக்கடிகாரம், அவன் கழித்த ஸ்வெட்டர், இப்போது இது.

"குடுங்கப்பா, பழசுல இருக்கறதெல்லாம் நானே மாத்தித் தரேன். பத்து நிமிஷ வேலை."

"என் போனை நீ ஒண்ணும் திறந்து பாக்க வேணாம். நானே மாத்திக்குவேன்."

"அது வேற கம்பெனிப்பா. ஆண்ட்ராய்டுலேர்ந்து ஐபோனுக்கு வர்றது அவ்வளவு லேசு இல்ல."

லேசு இல்லையாம். எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். திருவெறும்பூர் ஆலையில் ஹெல்ப்பராகச் சேர்ந்து, தலைக்கு மேல் ஓடும் ராட்சத கிரேனை ஒருவரும் சொல்லித் தராமல் கீழிருந்து பார்த்தே கற்றவன். ஆங்கிலக் கையேட்டை அகராதி வைத்துப் படித்தேன். டிப்ளமா வைத்திருந்த பிள்ளைகள் என் தலைக்கு மேலே சூப்பர்வைசர் ஆனார்கள். கிரேன் நின்றால் மட்டும் "மருதை எங்கே" என்பார்கள். இந்தக் கைப்பிடி அளவுப் பெட்டி எனக்கு லேசு இல்லையாம்.

போனைக் கொடுக்காததற்குக் காரணம் வேறு. இந்த டைரியில்கூட இதுவரை எழுதவில்லை. அதில் ஒரு தோட்டம் இருக்கிறது. ஒரே நிறப் பூக்களை வரிசை சேர்த்தால் தண்ணீர் கிடைக்கும்; தண்ணீர் ஊற்றி மரம் வைக்கலாம், புதிதாக நிலம் திருத்தலாம். விளையாட்டுதான். முன்னூற்றுப் பதினோராவது லெவலில் இருக்கிறேன். தோட்டத்தின் பெயர் 1147. ஆலையில் என் டோக்கன் எண்.

மருமகள் பானுப்ரியா விளையாடும் அதே விளையாட்டு. இரண்டு வருஷத்துக்கு முன், பேத்தி தர்ஷினியின் காதுகுத்து முசிறியில் நடந்தபோது, பந்தி முடிந்து பானு ஒரு மூலையில் அதை ஆடிக்கொண்டிருந்தாள். சம்பந்தி வீட்டுக் கூட்டம் முழுவதும் கேட்கும்படி நான் சொன்னேன்: "புருஷன் புள்ளைய விட்டுட்டுப் போனக் கட்டிக்கிட்டு குடும்பம் நடத்துறா. இதுக்கா பொண்ணெடுத்தோம்?" அதற்குப் பிறகு அவள் என் கண்ணில் படும்படி ஆடியதே இல்லை. மொட்டை மாடிக்குப் போய்விடுவாள்.

அப்படி என்னதான் இருக்கிறது அதில் என்று பார்க்கத்தான் நானும் போட்டேன். பார்த்துவிட்டு எடுத்துவிடலாம் என்றுதான்.

10-6-2025

புதுப் போனில் விளையாட்டு வந்துவிட்டது. தோட்டம் வரவில்லை. ஒன்றாவது லெவல். வெறும் மண், ஒரு பூவாளி.

11-6-2025, புதன்

வீட்டில் சொல்லியிருப்பது நடைப்பயிற்சி. மூலத்தோப்பிலிருந்து ஸ்ரீரங்கம் ஸ்டேஷன் வரை நடை. மிச்ச ஒரு மணி நேரமும் பிளாட்ஃபார பெஞ்சில் தோட்டம். பிளாட்ஃபார டிக்கெட் எடுத்துவிட்டுத்தான் உட்காருவேன். ஒரு தப்புக்கு மேல் இன்னொன்று வேண்டாம்.

இந்த விஷயம் தெரிந்த ஒரே ஆள் தாஜுதீன். ஆலையில் என் கிரேனுக்குக் கீழே சங்கிலி மாட்டியவர். தென்னூரில் இருக்கிறார், மகள் வீட்டுக்கு ஸ்ரீரங்கம் வரும்போது பெஞ்சில் வந்து உட்காருவார்.

"என்னண்ணே, தோட்டத்துல தண்ணி இல்லியா? மொகம் வாடிக் கெடக்கு."

சொன்னேன்.

"மகன்கிட்ட குடுங்கண்ணே. அஞ்சு நிமிஷம்."

"குடுத்தா தெரிஞ்சிரும்ல பாய்?"

"தெரிஞ்சா என்ன, தூக்கிலயா போடுவாங்க? ஊரெல்லாம் விளையாடுது. நீங்க மட்டும் என்னமோ சின்ன வீடு வெச்ச மாதிரி ஒளிச்சு வெச்சிருக்கீங்க."

பிளாட்ஃபாரத்தில் சத்தமாகச் சிரிக்கிறார் மனுஷன். எழுந்து வந்துவிட்டேன்.

12-6-2025, வியாழன்

முடித்துவிட்டேன்! யாரையும் கேட்கவில்லை.

அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். பழைய போனில் தோட்டத்துக்குள் பல்சக்கரம் போல ஒரு படம். அதைத் தொட்டால், தோட்டத்தை வேறு போனுக்குக் கொண்டுபோக ஒரு மெயிலோடு கட்ட வேண்டும் என்கிறது. இத்தனை நாளும் அது கேட்டபோதெல்லாம் "இப்போது வேண்டாம்" என்ற பொத்தானைத்தான் அழுத்தியிருக்கிறேன். இன்று சரி என்றேன். போனில் ஏற்கெனவே இருந்த ஒரு மெயிலை அதுவே காட்டியது. முதலில் பி என்ற எழுத்து, கடைசியில் 1 என்ற எண், நடுவில் எல்லாம் புள்ளிகள். சரி என்றேன்.

பிறகு ஒரு சூழ்ச்சி செய்தது. "இந்தக் கணக்கில் ஏற்கெனவே ஒரு தோட்டம் இருக்கிறது. இரண்டில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம்" என்று இரண்டு கட்டம் போட்டது. ஒன்று 1147, லெவல் 311. மற்றது "பி பிளாக்" என்று ஏதோ பெயர், லெவல் 2074. ரெண்டாயிரத்து எழுபத்து நாலு! பெரிய எண்ணைக் காட்டி ஆசை மூட்டி உள்ளே இழுக்கும் வேலை. பேப்பரில் தினமும் வருகிறது, இப்படித்தான் ஆரம்பிப்பார்கள். நான் விழுவேனா? என்னுடையதைத் தொட்டேன். மற்றது நிரந்தரமாக அழிந்துவிடும், நிச்சயமென்றால் கன்ஃபர்ம் என்று ஆங்கிலத்தில் அடித்துக் காட்டு என்றது. ஏழு எழுத்து. கீழ்ப்பாதி செத்த போனில் அடிப்பது சும்மா இல்லை. போனைக் குறுக்காகத் திருப்பிப் பிடித்து, ஒவ்வொன்றாகத் தட்டினேன்.

பழைய போன் ஒரு எண்ணைக் காட்டியது; அதை ஐபோனில் அடித்ததும் என் மாமரம் வந்து நின்றது. மாமரம், குளம், வாத்து, எல்லாம்.

ரங்கநாதன் கேட்டால் சொல்லலாம்: லேசுதான்டா.

13-6-2025, வெள்ளி

என்ன செய்துவிட்டேன்.

காலையில் பெஞ்சில் திறந்ததும் தோட்டத்துக்குள் கடிதப் பெட்டி நிறைந்திருந்தது. எனக்கு இதுவரை ஒரு கடிதம் வந்ததில்லை. முதல் கடிதம்: "பானு, எங்கடி போன? தோட்டத்தையே காணோம்?" இரண்டாவது: "பானுக்கா, நீங்க இல்லாம ஞாயித்துக்கிழமை மேட்ச் எப்படி?" மூன்றாவதைத் திறக்கவில்லை.

அந்த மெயில் பானுவுடையது. இப்போது எல்லாம் ஞாபகம் வருகிறது. அந்தப் போனை வாங்கிய அன்று ரங்கநாதன் "அப்பாவுக்கு ஒரு மெயில் போடணும்" என்றான். "எனக்கு எதுக்குடா மெயிலு, நான் என்ன கலெக்டரா?" என்று கத்தினேன். பானுதான், "விடுங்க, இப்போதைக்கு என்னோடத போட்டு வைக்கிறேன்" என்று தன்னுடையதைப் போட்டாள். நல்லது செய்தாள்.

சாயங்காலம் சமையலறையில் சத்தம். நான் ஹாலில் பேப்பரைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

"யாரோ 1147-ன்னு ஒருத்தன் உக்காந்திருக்கான் அத்தை. என் தோட்டம் மொத்தமும் போச்சு. எட்டு வருஷம்."

என் மனைவி ஆனந்தவள்ளி, "விளையாட்டுதானேம்மா" என்றாள்.

பானு குரல் கொடுத்தாள்: "தர்ஷினி! இங்க வாடி. நேத்து என் போன எடுத்தியா?"

"எடுத்தேன்மா. கலரிங் வீடியோ பாக்கத்தான்."

"வேற எதையாச்சும் அமுக்கினியா? உண்மையச் சொல்லு."

"ரெங்கநாதர் சத்தியமா இல்லம்மா."

அடி விழுந்த சத்தம் கேட்டது. ஒன்றுதான். பானு அந்தக் குழந்தையை அடித்து நான் பார்த்ததில்லை. இனி ஒரு மாதம் போனைத் தொடக்கூடாது என்றாள். பேப்பரை அப்படியே முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டிருந்தேன். அதில் என்ன எழுதியிருந்தது என்று தெரியாது.

14-6-2025

சொல்லவில்லை.

15-6-2025, ஞாயிறு

பானு மாடியில் பேசிக்கொண்டிருந்தாள். துணி எடுக்கப் போவது போலப் படியில் நின்றேன். துணி எடுக்க நான் எந்தக் காலத்தில் போனேன்?

"இல்லடி லின்சி, நான் எதையும் அமுக்கல. எவனோ புகுந்துட்டான். … ஒண்ணாம் நம்பர்லேர்ந்து ஆரம்பிக்கவா? எனக்குத் தெம்பு இல்லடி. … நீங்க ஆடுங்க. லீடர் பதவிய ஷீலாவுக்குக் குடுத்துருங்க. … ச்சீ, அழல. சளி."

நர்ஸிங் படித்தபோது ஹாஸ்டலில் பானுவும் தோழிகளும் இருந்த கட்டடம் பி பிளாக். பதினான்கு பேர். லின்சி குவைத்தில் இருக்கிறாள், ஒருத்தி அயர்லாந்தில், ஒருத்தி எடமலைப்பட்டி புதூரில். வாரம் தவறாமல் ஞாயிறு மத்தியானம் எல்லாரும் சேர்வது அந்த விளையாட்டுக்குள்தானாம். எனக்கு எப்படித் தெரியும்? கடிதங்களை வாசித்துவிட்டேன். எல்லாவற்றையும். அடுத்தவருக்கு வந்த கடிதத்தைப் பிரிப்பவனை நான் மனுஷனாகவே மதித்ததில்லை.

ஒன்றில் எழுதியிருந்தாள் அந்த லின்சி: "வேலைய விட வெச்சாங்க, விட்ட. இதையும் விட்டுடாத பானு."

விட வைத்தவன் நான். நைட் ஷிஃப்ட் குடும்பத்துக்கு ஆகாது என்றேன்.

17-6-2025, செவ்வாய்

சமையலறை அலமாரியில் என் பழைய டிபன் கேரியர். இருபத்தாறு வருஷம் ஆலைக்கு எடுத்துப் போனது. மூடியில் ஆணியால் குத்திக் குத்தி 1147 என்று போட்டிருக்கிறேன். இன்று காலை யாரும் இல்லாத நேரம் பார்த்துப் பரணில் ஏற்றி, பழைய மின்விசிறிக்குப் பின்னால் தள்ளினேன்.

மத்தியானம் ஆனந்தவள்ளி: "ஏங்க, அந்த நாலடுக்குக் கேரியர் எங்க? பக்கத்து வீட்டு சிவராமனுக்கு ரசம் குடுத்து அனுப்பணும்."

"எனக்கு என்ன தெரியும்? நானா சமையக்கட்டுல இருக்கேன்?"

அவள் என்னைப் பார்த்தாள். "அதுக்கு ஏன் இப்படி எரிஞ்சு விழறீங்க? கேரியரத்தான கேட்டேன், சொத்தக் கேட்ட மாதிரி…"

அறுபத்தொன்பது வயது. பரணில் ஏறி ஒரு பாத்திரத்தை ஒளிக்கிறேன்.

18-6-2025, புதன்

தர்ஷினியைப் பள்ளிக்கூட வேன் ஏற்றிவிடப் போனேன். வேன் இன்னும் வரவில்லை. திடீரென்று கேட்டாள்.

"தாத்தா, நான் பண்ணலன்னு நீங்களாச்சும் நம்புறீங்களா?"

"நம்புறேன்மா."

"நீங்க ஒருத்தர்தான் தாத்தா."

என் கையைப் பிடித்துக்கொண்டாள். வேன் வந்தது. சரியாக அந்த இடத்தில் வாயைத் திறந்திருக்கலாம். திறந்தேன். "தண்ணி பாட்டில் இருக்கா?" என்று கேட்டேன்.

20-6-2025, வெள்ளி

தாஜுதீனிடம் சொல்லிவிட்டேன். இந்த முறை அவர் சிரிக்கவில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது.

"கைதவறிப் பட்டுச்சுன்னு சொல்லிருங்கண்ணே. வயசான கை. யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க."

"ஏழு எழுத்து பாய். கைதவறி ஏழு எழுத்து படாது."

"அப்ப ரெண்டு வழிதான். மருமக கிட்ட சொல்லணும், இல்ல கம்பெனிக்கு எழுதணும். உங்கள எனக்குத் தெரியும், கம்பெனிக்குத்தான் எழுதுவீங்க. ஒண்ணு மட்டும். இனிமே அதத் தொறக்காதீங்க. ஆட ஆட அழிஞ்ச தோட்டத்து மேலயே எழுதிக்கிட்டுப் போகும்."

உதவிப் பக்கத்தை அகராதி வைத்துப் படித்தேன். அழித்த தோட்டத்தை முப்பது நாள் வரை எடுத்து வைத்திருப்பார்களாம். அப்படியானால் ஜூலை 12 வரை. விளையாட்டுக்குள்ளேயே எழுத ஒரு கட்டம் இருந்தது. மூன்று மணி நேரம் உட்கார்ந்து ஆங்கிலத்தில் எழுதினேன். அதன் நகலைத் தமிழில் இங்கே எழுதி வைக்கிறேன்.

"மதிப்பிற்குரிய ஐயா, நான் ஓய்வு பெற்ற கிரேன் இயக்குநர். 1147 என்பது என் டோக்கன் எண். 12-6 அன்று என் மருமகளின் பி பிளாக் என்னும் தோட்டத்தை என் சொந்த விரல்களால் அழித்தேன். தங்கள் இயந்திரம் என்னை இரண்டு முறை எச்சரித்தது. இயந்திரத்தின் மீது குற்றம் இல்லை. அவள் என்னைவிடச் சிறந்த ஆட்டக்காரி. அவள் தோட்டத்தைத் திருப்பித் தரவும். என்னுடையதை அழித்துக்கொள்ளவும். இதற்காக ஒரு குழந்தை அடி வாங்கியிருக்கிறது. அவசரம். பணிவுடன், ச. மருதை."

அனுப்பினேன். விளையாட்டை மூடிவிட்டேன். இனித் திறப்பதில்லை.

27-6-2025

பதில் இல்லை. இவ்வளவு பெரிய கம்பெனி, ஒரு வரி எழுத ஆள் இல்லையா?

2-7-2025, புதன்

பதில் இல்லை. போனில் எங்கெங்கோ தேடினேன். மனுஷன் கெஞ்சி எழுதினால் மதிப்பே கிடையாது இந்தக் காலத்தில்.

கம்பெனியைத் திட்டி ஒரு பக்கம் எழுதினேன். கிழித்துவிட்டேன். உண்மையை எழுதுகிறேன். அந்த இரண்டு கட்டங்களைப் பார்த்தபோது, இது மோசடி என்று மட்டும் நான் நினைக்கவில்லை. 2074 என்ற எண்ணைப் பார்த்ததும் எனக்குச் சுருக்கென்றது. யாரோ ஒருவர் இத்தனை தூரம் போயிருக்கிறார், நான் இரண்டு வருஷமாக முட்டி முட்டி 311-ல் நிற்கிறேன். அதை அழிக்கட்டுமா என்று இயந்திரம் கேட்டது. எனக்கு ஒரு சந்தோஷம் வந்தது. ஒரு நொடிதான். அந்தச் சந்தோஷத்தோடுதான் தட்டினேன். அது பானு என்று தெரியாது, சத்தியமாகத் தெரியாது. ஆனால் யாரோ ஒரு ஆள் என்று தெரியும்.

டிப்ளமாக்காரர்கள் என் தலைக்கு மேலே போனபோது என்னால் ஒன்றும் அழிக்க முடியவில்லை.

5-7-2025, சனி

டிபன் கேரியர் பரணில் இல்லை. கழுவித் துடைத்து சமையல் மேடையில் இருக்கிறது. மூடி மேலே பார்த்தபடி, 1147 நன்றாகத் தெரியும்படி.

ஆனந்தவள்ளி காபி கொடுத்தாள். பானு தட்டில் இட்லி வைத்தாள், "இன்னும் ஒண்ணு வெக்கவா மாமா?" என்று எப்போதும் போலக் கேட்டாள். நானும் எப்போதும் போல "போதும்மா" என்றேன். தர்ஷினி அம்மாவின் போனில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு மாதம் இன்னும் ஆகவில்லையே?

கேட்கத் தைரியம் இல்லை.

10-7-2025, வியாழன்

இன்னும் இரண்டு நாள்தான். கம்பெனி கைவிட்டுவிட்டது. அவளே தன் கையால் எழுதிக் கேட்டால் ஒருவேளை கிடைக்கலாம். கிடைக்காவிட்டாலும் பழி என் மேல் வந்து சேரட்டும். காலை நடைக்குப் போகாமல் சமையலறை வாசலில் போய் நின்றேன். பானு வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"பானு, ஒரு விஷயம். உன் தோட்டம்… அதை அழிச்சது தர்ஷினி இல்ல. நான். எனக்கும் ஒண்ணு இருக்கு. போன் மாத்தும்போது… தெரியாமத்தான்… தெரியாமன்னு சொல்லக்கூடாது, எச்சரிக்கை போட்டுச்சு. நான்தான் கேக்கல. நாளன்னிக்குள்ள நீ எழுதினா—"

அவள் கத்தியை வைக்கவில்லை. "தெரியும் மாமா."

"எப்படி?"

"நீங்க கம்பெனிக்கு எழுதுனீங்கல்ல? அதோட நகல் என் மெயிலுக்குத்தான் வந்துச்சு. அன்னிக்கே. பதிலும் எனக்குத்தான் வந்துச்சு. ரெண்டுல எது வேணும்னு கேட்டாங்க, சொன்னேன். இருபத்தஞ்சாம் தேதியே குடுத்துட்டாங்க."

பதினைந்து நாளாக நான் கம்பெனியைத் திட்டிக்கொண்டிருந்தேன். அதே மெயில். ஒரே தப்பை இரண்டு தடவை செய்திருக்கிறேன்.

"அப்ப தோட்டம்…"

"தோட்டம் வந்துருச்சு மாமா. நீங்கதான் இன்னும் வரல."

நின்றேன். நறுக்கிய வெங்காயத்தை வழித்துத் தட்டில் போட்டாள். பிறகு அவளே சொன்னாள், குரலை உயர்த்தாமல்.

"அந்த லெட்டர நான் நாலஞ்சு தடவ படிச்சேன். நல்லாத்தான் எழுதியிருந்தீங்க. ஊர் பேர் தெரியாத ஒரு கம்பெனிக்காரன்கிட்ட எல்லாத்தையும் சொல்ல முடியுது உங்களால. பக்கத்து ரூம்ல இருக்கறவகிட்ட சொல்ல முடியல. சொல்லுவீங்க, இன்னிக்குச் சொல்லுவீங்க, நாளைக்குச் சொல்லுவீங்கன்னு பாத்துக்கிட்டே இருந்தேன். அத்தைதான் கேரியர எறக்கி வெச்சாங்க, அதப் பாத்தாச்சும் வாயத் தொறப்பாருன்னு."

"தப்புதாம்மா."

"தர்ஷினிகிட்ட நான் அன்னிக்கே மன்னிப்புக் கேட்டுட்டேன், உன்னைய அடிச்சது தப்புன்னு. யாரு பண்ணதுன்னு மட்டும் சொல்லல. தெனமும் கேக்குறா. அத நான் சொல்ல மாட்டேன் மாமா. அது உங்க வேலை."

11-7-2025, வெள்ளி

தர்ஷினியிடம் சொன்னேன். பள்ளிக்கூடம் விட்டு வந்து பூஸ்ட் குடித்துக்கொண்டிருந்தாள். நேற்றே சொல்லியிருக்க வேண்டும், நேற்று முழுவதும் என்னால் முடியவில்லை.

"அம்மா தோட்டத்தை அழிச்சது தாத்தாதான்மா."

டம்ளரைக் கீழே வைத்தாள். "நீங்க விளையாடுவீங்களா தாத்தா?"

"ம்."

"நெஜமாவா? எத்தனாவது லெவலு?"

"முன்னூத்துப் பதினொண்ணு. இப்ப இல்ல. போச்சு."

"அம்மா ரெண்டாயிரம் தாத்தா." என்னைப் பார்த்துக் கொஞ்சம் பரிதாபப்பட்டாள். பிறகு அவள் முகம் மாறியது. யோசிப்பது தெரிந்தது. "வேன்கிட்ட நான் கேட்டப்ப உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்மா."

"அப்புறம் ஏன் சொல்லல?"

எனக்கு ஆலையில் மெமோ கொடுத்திருக்கிறார்கள். என்கொயரியில் மூன்று அதிகாரிகளுக்கு நடுவே உட்கார்ந்து பதிலுக்குப் பதில் பேசியிருக்கிறேன். ஒன்பது வயசுக் குழந்தைக்குச் சொல்ல ஒரு வார்த்தை கிடைக்கவில்லை. "வெக்கமா இருந்துச்சு" என்றேன் கடைசியில்.

அவள் பூஸ்ட்டை முடித்துவிட்டு எழுந்து போனாள். இரண்டு நாளாவது பேச மாட்டாள் என்று நினைக்கிறேன். சரிதான்.

16-7-2025

ஐந்து நாள் ஆகிறது. வேன் வரும் வரை இன்றும் பேசவில்லை. ஏறும்போது "போயிட்டு வரேன்" என்றாள், பொதுவாக, யாருக்கோ சொல்வது போல.

3-8-2025, ஞாயிறு

ஆடிப்பெருக்கு. முசிறியில் சம்பந்தி வீட்டில். காவிரிக்குப் போய் வந்து, சாப்பிட்டு, கூடம் நிறைய ஆட்கள். காதுகுத்துக்கு வந்திருந்த அதே முகங்கள்தான் பெரும்பாலும். மத்தியானம் இரண்டரை இருக்கும். பானு சுவரோரமாக உட்கார்ந்து போனைக் கையில் எடுத்தாள். ஞாயிற்றுக்கிழமை. அவளுடைய மேட்ச் நேரம்.

அவள் அப்பா வீரமலை பார்த்துவிட்டார். "ஏம்மா, சம்பந்தி இருக்காரு. போனத் தூக்கி உள்ள வெய்யி. அப்புறம் அவரு ஆரம்பிச்சாருன்னா எங்க மானம் போயிரும்."

எல்லாரும் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். நான் அன்று சொன்னதை ஒருவரும் மறக்கவில்லை. பானு எழப் போனாள்.

"இரும்மா. ஆடு." என் குரல் எனக்கே அதிகமாகக் கேட்டது. "சம்பந்தி, அன்னிக்கு இதே கூட்டத்துல நான் சொன்னது தப்பு. நானும் அதத்தான் ரெண்டு வருஷமா ஒளிஞ்சு ஒளிஞ்சு விளையாடிக்கிட்டு இருந்தேன். ரெண்டு மாசம் முன்னாடி அவ தோட்டத்தையே அழிச்சுப்புட்டு, பழி புள்ள மேல விழுந்தும் வாயத் தொறக்காம இருந்தேன்."

யாரும் சிரிக்கவில்லை. வீரமலை முழித்தார். "தோட்டமா? எந்தத் தோட்டம் சம்பந்தி? நம்ம வாழையா?"

இப்போது சிரித்தார்கள். சிரிக்கட்டும் என்று இருந்தேன். ரங்கநாதன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஆனந்தவள்ளி முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள், சிரிப்பா என்னவென்று தெரியவில்லை. பானு தலை நிமிரவில்லை. ஓடிக்கொண்டிருந்த விரல் மட்டும் கொஞ்ச நேரம் நின்றது. பிறகு ஆடினாள்.

திரும்பி வரும் பஸ்ஸில் தர்ஷினி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். ஜன்னல் சீட் வேண்டும் என்றாள். கொடுத்தேன்.

5-8-2025, செவ்வாய்

இன்று காலை நடைக்குப் போகவில்லை. ஐபோனை எடுத்துக்கொண்டு போய் பானுவிடம், "எனக்கு ஒரு மெயில் போட்டுத் தர்றியாம்மா?" என்று கேட்டேன். எழுபது வயதுக்கு ஒரு வருஷம் இருக்கிறது. நான் இதுவரை யாரிடமும் எதையும் "தர்றியா" என்று கேட்டதாக ஞாபகம் இல்லை.

ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினாள். தன் மெயிலை விளையாட்டிலிருந்து எடுத்துவிட்டு, என் பெயர், பிறந்த தேதி எல்லாம் கேட்டுக் கேட்டுப் போட்டாள். கடைசியில் போனைத் திருப்பி என் கையில் கொடுத்து, "பாஸ்வேர்டு நீங்களே போடுங்க மாமா. எனக்குத் தெரியக் கூடாது" என்று சொல்லிவிட்டு அடுப்புப் பக்கம் திரும்பி நின்றுகொண்டாள். எனக்கு எழுத்துகள் சரியாகத் தெரியவில்லை. மூன்றாவது முறைதான் சரியாக விழுந்தது.

ஹாலில், எல்லார் கண் முன்னாலும் உட்கார்ந்து விளையாட்டைத் திறந்தேன். ஒன்றாவது லெவல். வெறும் மண், ஒரு பூவாளி. மரம் எதுவும் வைப்பதற்கு முன்பே, தோட்டத்தை மெயிலோடு கட்டிக்கொள்கிறாயா என்று கேட்டது. கீழே பழையபடி அந்தப் பொத்தானும் இருந்தது, "இப்போது வேண்டாம்" என்று.

அதைத் தொடவில்லை.